அறுத்துக்கட்டுவதில் என்ன இழிவு?

ஆண்டுக்கு ஒருமுறையாவது ஏதாவது ஒரு தொலைக்காட்சியில் அந்த விவாதம் நடந்துவிடுகிறது: 'விவாகரத்துகள் ஏன் பெருகுகின்றன?' ஒரு மனநல ஆலோசகர், ஒரு வழக்கறிஞர், ஒரு பட்டிமன்றப் பேச்சாளர் உட்கார்ந்திருப்பார்கள். காரணங்களும் வரிசையாக வரும். செல்போன், ஈகோ, பெண்கள் சம்பாதிக்கத் தொடங்கியது, கூட்டுக் குடும்பம் சிதைந்தது, பெண்ணின் அம்மா தலையிடுவது, 'விட்டுக்கொடுக்கும் மனப்பான்மை' இல்லாமல் போனது. முடிவில் ஒருவர், "அந்தக் காலத்தில் எங்கள் தாத்தாவும் பாட்டியும் அறுபது வருடம் வாழவில்லையா?" என்பார். அரங்கம் கைதட்டும்.

யாருடைய தாத்தா, யாருடைய பாட்டி என்று அங்கே யாரும் கேட்பதில்லை. கேட்டால் அந்த விவாதமே வேறு திசைக்குப் போய்விடும்.

இந்து சட்டத் தொகுப்பு மசோதாவில் மணவிலக்கு உரிமையைச் சேர்த்தபோது, இந்துப் பண்பாடே அழிந்துவிடும் என்று சனாதனிகள் கூச்சலிட்டார்கள். அம்பேத்கர் சொன்ன பதில் எளிமையானது. சூத்திரர் எனப்படுவோரிடையே வழக்காற்று மணவிலக்கு ஏற்கனவே இருக்கிறது. இந்துக்களில் ஏறத்தாழ 90 சதவீதம் பேர் அவர்கள்தான். மிச்சமிருக்கும் 10 சதவீதத்தின் வழக்கத்தை எல்லோருக்குமான சட்டமாக்கச் சொல்கிறீர்களா என்று கேட்டார். மசோதா கிடப்பில் போடப்பட்டது. 1951 செப்டம்பரில் அவர் அமைச்சர் பதவியைத் துறந்தார். நாம் 'இந்தியக் குடும்பப் பண்பாடு' என்று பேசுவது அந்த 10 சதவீதத்தின் பண்பாட்டைத்தான்.

இதற்குத் தமிழ்நாட்டிலேயே சான்றுகள் கொட்டிக் கிடக்கின்றன. 1909இல் எட்கர் தர்ஸ்டன் வெளியிட்ட தென்னிந்தியக் குலங்களும் குடிகளும் பற்றிய ஏழு தொகுதிகளைப் புரட்டுங்கள். காலனியக் கண்ணோட்டத்தில் எழுதப்பட்டவை, பல இடங்களில் அருவருப்பானவையும்கூட. ஆனால் சாதிக்குச் சாதி ஒரு விவரத்தை அவர் குறிக்கத் தவறுவதில்லை: மணவிலக்கு உண்டா, கைம்பெண் மறுமணம் உண்டா. கள்ளர்களிடையே சாதியார் முன்னிலையில் கணவன் மனைவியிடம் ஒரு துரும்பைக் கொடுத்துவிட்டால் மணம் முறிந்தது என்று பொருள் என அதில் இருக்கிறது. துரும்பு கொடுத்தல் என்பதே மணவிலக்குக்கான சொல்லாக இருந்திருக்கிறது. இன்னும் பல சாதிகளில் பரிசப் பணத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டுத் தீர்த்துக்கொண்டார்கள். தீர்த்துவிடுதல், அத்துவிடுதல், அறுத்துக்கட்டுதல் என்று இத்தனை சொற்கள் ஒரு மொழியில் சும்மா இருக்குமா?

எங்கள் குடும்பத்தில் ஒரு பெரியம்மா இருக்கிறார், எழுபத்தைந்தைக் கடந்தவர். ஒருநாள் பேச்சுவாக்கில் சொன்னார்: "மொத கட்டு மூணு வருசந்தான் கண்ணு. குடிச்சுட்டு வந்து அடிப்பான். எங்கண்ணன் வந்து கூட்டிக்கிட்டுப் போயிருச்சு. ஊர்க்கூட்டம் போட்டு, பரிசத்தத் திருப்பிக் குடுத்து, தீத்து வுட்டாங்க. அடுத்த தையில உங்க பெரியப்பனக் கட்டுனேன்." ஏதோ வீடு மாற்றிய கதையைச் சொல்வதுபோல் சொன்னார். இதே பெரியம்மாவின் பேத்தி பொறியியல் படித்தவள். நாற்பது பவுன் போட்டுக் கட்டிக்கொடுத்தார்கள். அவளும் அடிவாங்குகிறாள். அவள் திரும்பி வருகிறேன் என்றபோது இந்தப் பெரியம்மாதான் முதலில் மறுத்தார். "இப்ப நம்ம குடும்பம் முன்ன மாதிரியா? நாலு பேரு என்ன பேசுவாங்க?"

இரண்டு தலைமுறைக்குள் என்ன நடந்தது? நிலம் வந்தது, படிப்பு வந்தது, அரசு வேலை வந்தது. பரிசம் போய் வரதட்சணை வந்தது. கூடவே மரியாதையும் வந்தது. அந்த மரியாதைக்குக் கொடுத்த விலை, பெண் திரும்பி வருவதற்கு இருந்த வழி. கீழே வைக்கப்பட்ட சாதிகள் மேலே ஏறப் பார்க்கும்போது மேல்சாதிப் பழக்கங்களை எடுத்துக்கொள்கின்றன என்று எம்.என். சீனிவாஸ் எழுதினார். புலால் மறுப்பு, பூணூல் என்று உதாரணம் சொல்லியே நாம் அதைக் கடந்துவிடுகிறோம். ஆனால் அந்த ஏணியின் முதல் படிகளில் ஒன்று மணவிலக்கையும் மறுமணத்தையும் நிறுத்துவது. ஆண்களின் தட்டில் கறி பெரும்பாலும் அப்படியேதான் இருக்கிறது. மாறியது பெண்ணின் கழுத்துக் கயிறுதான், அது அவிழ்க்க முடியாத முடிச்சாகிவிட்டது.

'அறுத்துக்கட்டும் சாதி' என்பது இன்றும் ஒரு வசவு. ஒரு சாதியை இன்னொரு சாதி கீழே தள்ளப் பயன்படுத்தும் அளவுகோல் அது. அதாவது, ஒரு பெண் தன்னை அடிப்பவனை விட்டு விலகி வேறொருவனோடு வாழ முடிகிறது என்பதே அந்தச் சாதி இழிந்தது என்பதற்குச் சான்றாகக் காட்டப்படுகிறது. இப்படி ஒரு அளவுகோலை உருவாக்கிய சமூகத்திடம் போய் மணமுறிவுக்கான காரணங்களைப் பட்டியலிடச் சொன்னால், அது செல்போனைத்தான் சொல்லும்.

இதன் வேர் எங்கே இருக்கிறது என்பதை 1916இலேயே அம்பேத்கர் காட்டிவிட்டார். இந்தியாவில் சாதிகள் பற்றிய அந்தக் கட்டுரையை அவர் கொலம்பியாவில் வாசித்தபோது அவருக்கு வயது இருபத்தைந்து. அகமணம்தான் சாதியின் உயிர்நாடி. அகமணம் நிலைக்க வேண்டுமானால் ஒரு சாதிக்குள் ஆண் பெண் எண்ணிக்கை சமமாக இருக்க வேண்டும். கணவன் இறந்துவிட்டால் மனைவி 'மிகைப் பெண்' ஆகிறாள். அவள் வெளியே மணந்தால் வேலி உடையும், உள்ளே மணந்தால் இன்னொரு பெண்ணின் வாய்ப்பு போகும். ஆகவே எரித்தார்கள், அல்லது வெள்ளைச் சேலை கட்டி மூலையில் உட்கார வைத்தார்கள். இது அவர் வாதத்தின் சுருக்கம். இதில் கைம்பெண் இருக்கும் இடத்தில் மணவிலக்குப் பெற்ற பெண்ணை வைத்துப் பாருங்கள். அவளும் மிகைப் பெண்தான். இன்னும் ஆபத்தானவள்கூட. ஏனென்றால் கைம்பெண்ணின் நிலை அவள் தேர்ந்தெடுத்தது அல்ல. இவளோ சாதி பார்த்து, குலம் பார்த்து, கூட்டம் பார்த்துச் செய்துவைத்த ஏற்பாட்டை வேண்டாம் என்று சொன்னவள். ஒருமுறை வேண்டாம் என்று சொல்லத் தெரிந்தவள் அடுத்தமுறை யாரை வேண்டும் என்று சொல்வாளோ என்ற அச்சம், 'அட்ஜஸ்ட் பண்ணிக்கம்மா' என்ற அறிவுரையின் அடியில் இருக்கிறது.

எண்களும் இதையேதான் சொல்கின்றன. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி இந்தியாவில் விவாகரத்துப் பெற்றவர்கள் சுமார் 13.6 லட்சம் பேர். சட்டப்படி விலகாமல் பிரிந்து வாழ்பவர்கள் அதைப்போல் ஏறத்தாழ மூன்று மடங்கு. இரண்டு பிரிவிலும் ஆண்களைவிடப் பெண்களே அதிகம். ஓர் ஆணும் ஒரு பெண்ணும் சேர்ந்துதானே பிரிகிறார்கள், பிறகு எப்படிப் பெண்கள் அதிகம்? ஆண் மறுபடி கட்டிக்கொண்டு 'மணமானவர்' கட்டத்துக்குத் திரும்பிவிடுகிறான். பெண் அந்தக் கட்டத்திலேயே நின்றுவிடுகிறாள். விவாகரத்துகள் பெருகிவிட்டன என்று புலம்புகிறவர்கள், நீதிமன்றப் படியேறாமலே கைவிடப்பட்ட இந்தப் பெண்களைக் கணக்கில் சேர்ப்பதில்லை. அவர்கள் வழக்குப் போடவில்லை, ஆகவே பண்பாடு பத்திரமாக இருக்கிறது!

சட்டம் என்ன செய்தது? 1955 இந்துத் திருமணச் சட்டத்தில் மணவிலக்கு வந்தது உண்மை. ஆனால் அடி உதையும் கைவிடுதலும் அப்போது மணவிலக்குக்கான காரணங்களாக இல்லை. நீதிமன்றப் பிரிவினை மட்டும்தான் கேட்கலாம். கொடுமையின் பேரில் நேரடியாக மணவிலக்குக் கேட்கும் உரிமையும், இருவரும் சம்மதித்துப் பிரியும் 13பி பிரிவும் 1976இல்தான் வந்தன. எங்கள் பெரியம்மாவுக்கு ஊர்க்கூட்டம் ஒரே நாளில் கொடுத்ததை நாடாளுமன்றம் கொடுக்க இருபத்தொரு ஆண்டுகள் ஆயின.

ஊர்க்கூட்டத்தை நான் தூக்கிப்பிடிக்கிறேன் என்று நினைக்க வேண்டாம். அங்கே உட்கார்ந்தவர்கள் எல்லோரும் ஆண்கள். பெண் 'நடத்தை கெட்டவள்' என்று தீர்ப்பாகியிருந்தால் அவள் தலை மொட்டையடிக்கப்பட்டிருக்கும். சேரிக்காரனோடு பேசினாள் என்று தெரிந்திருந்தால் அதே கூட்டம் என்ன செய்திருக்கும் என்பதை எழுத வேண்டியதில்லை. வெளியேறும் வழி இருந்தது, ஆனால் அந்த வழியும் சாதிக்குள்ளேயே சுற்றிவந்தது.

வழக்காற்று மணவிலக்கு செல்லும் என்று 29(2) பிரிவு சொல்கிறது. ஆனால் அந்த வழக்கம் தன் சாதியில் இருக்கிறது என்று நிரூபிக்க வேண்டியது அதை நம்பி வந்தவரின் பொறுப்பு. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 2005இல் உச்ச நீதிமன்றம் அப்படி நிரூபிக்கப்படவில்லை என்று சொல்லி, எழுதிக்கொண்ட முறிவுப் பத்திரத்தை ஏற்க மறுத்தது. இதன் விளைவு என்னவென்று பாருங்கள். பத்து ரூபாய்ப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுத் தீர்த்துக்கொண்டு மறுமணம் செய்த பெண்ணுக்கு, இரண்டாவது கணவனும் கைவிட்டால் ஜீவனாம்சம் கேட்கும்போதுதான் சட்டப்படி அவள் அவனுக்கு மனைவியே இல்லை என்று தெரியவருகிறது. முதல் திருமணம் சட்டப்படி முறியாவிட்டாலும் இரண்டாவது கணவனிடம் ஜீவனாம்சம் கேட்கலாம் என்று 2025 ஜனவரியில்தான் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் தீர்ப்பளித்தது. அந்தத் தீர்ப்பு இதுவரை எத்தனை தாலுகா வக்கீல்களின் மேசைக்குப் போயிருக்கும்?

இப்போது காரணங்களுக்கு வருவோம். தேசியக் குடும்ப நல ஆய்வின் ஐந்தாம் சுற்றில் (2019–21), தமிழ்நாட்டில் மணமான பெண்களில் சுமார் 38 சதவீதம் பேர் கணவனின் வன்முறையை அனுபவித்திருப்பதாகச் சொன்னார்கள். இந்திய சராசரி 29 சதவீதம். சமூகநீதியின் மண் என்று நாம் மார்தட்டும் மாநிலத்தின் எண் இது. நூறில் முப்பத்தெட்டுப் பேர் அடிபடும் இடத்தில், கேட்க வேண்டிய கேள்வி ஏன் இவ்வளவு மணமுறிவுகள் என்பதல்ல. ஏன் இவ்வளவு குறைவு என்பதுதான்.

விடை வீட்டிலும் நிலத்திலும் இருக்கிறது. மணவிலக்கின்போது திருமண வாழ்வில் சேர்த்த சொத்தில் பங்கு என்ற உரிமை இந்துத் திருமணச் சட்டத்தில் இல்லை. கணவனின் சொத்தில் பங்கு தருவதற்கான திருத்த மசோதா 2013இல் மாநிலங்களவையில் நிறைவேறி, மக்களவையில் காலாவதியானது. வீட்டு வேலை செய்யும் மனைவியின் உழைப்பும் சொத்துச் சேர்ப்பில் பங்களிப்புதான் என்று 2023இல் சென்னை உயர் நீதிமன்றம் ஒரு சொத்து வழக்கில் சொன்னது நல்ல தீர்ப்பு. ஆனால் தீர்ப்பு சட்டத்துக்கு மாற்றாகாது. 2001 வரை குற்றவியல் நடைமுறைச் சட்டப்படி ஜீவனாம்சத்தின் உச்சவரம்பு மாதம் 500 ரூபாய் என்பதையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். இனி பிறந்த வீடு. 1989இல் தமிழ்நாடு பெண்களுக்குக் குடும்பச் சொத்தில் சம உரிமை கொடுத்தது, இந்தியாவுக்கு வழிகாட்டிய சட்டம் அது. நடைமுறையில் என்ன நடக்கிறது? "உனக்குத்தான் நகை போட்டாச்சே" என்று சொல்லி, பத்திரப் பதிவு அலுவலகத்தில் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கிக்கொள்கிறார்கள். அண்ணன் பெயருக்குப் போன வீட்டுக்குள் தங்கை எந்த முகத்தோடு திரும்பிப் போவாள்? போனாலும் அவள் 'வாழாவெட்டி'. இந்தச் சொல்லுக்கு ஆண்பால் கிடையாது.

சாதி இந்தக் கதையில் முன்வாசல் வழியாகவே வருகிறது. திருமணத் தகவல் மையங்களின் விளம்பரங்களைப் படியுங்கள். உட்பிரிவு, குலம், நட்சத்திரம், தோஷம், சொத்து மதிப்பு, சம்பளம். 'சாதி தடையில்லை' என்று எழுதிவிட்டு அடுத்த சொல்லிலேயே 'எஸ்சி, எஸ்டி நீங்கலாக' என்று போடும் பெருந்தன்மையாளர்களும் உண்டு. இந்தச் சல்லடைகளையெல்லாம் தாண்டி வந்த இரண்டு பேர், ஒருவரையொருவர் கேட்டுத் தெரிந்துகொண்டவை மிகக் குறைவு. குழந்தை வேண்டுமா, எத்தனை வயதில், யார் சமைப்பது, மாமியாரோடு இருப்பதா, கடவுள் நம்பிக்கை உண்டா, உடல் சார்ந்த விருப்பு வெறுப்பு என்ன என்பதெல்லாம் பொருத்தப் பட்டியலில் இல்லை. அந்த உறவு முறிந்தால் குற்றவாளிக் கூண்டில் ஏற்றப்படுவது அந்தப் பெண். அவளைச் சல்லடையில் போட்டவர்கள் 'நல்ல இடம்னு நம்பினோம்' என்று சொல்லி வெளியேறிவிடுகிறார்கள். பெற்றோரை விட்டுத் தனிக்குடித்தனம் வரச் சொல்லி மனைவி வற்புறுத்துவது கணவனுக்குச் செய்யும் கொடுமை என்று 2016இல் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் சொன்னது, பெற்றோரைப் பேணுவது மகனின் கடமை என்றது. தன் பெற்றோரை விட்டு வந்தவள்தானே அவளும் என்று அந்தத் தீர்ப்புக்குத் தோன்றவில்லை.

சாதி மறுப்புத் திருமணங்கள் முறிந்தால் கதையே வேறு. ஒரே சாதிக்குள் நடந்த பத்துத் திருமணங்கள் உடைந்தால் அவை பத்துத் தனித்தனிச் சோகங்கள். சாதி மாறிய ஒன்று உடைந்தால் போதும், "அதான் அப்பவே சொன்னோமே" என்று ஊரே வந்துவிடும். உடையாவிட்டால் உடைப்பதற்கும் ஆள் உண்டு. தருமபுரியில் 2012 நவம்பர் 7 அன்று நத்தம், அண்ணா நகர், கொண்டாம்பட்டி ஆகிய மூன்று சேரிகள் கொளுத்தப்பட்டன. எட்டு மாதம் கழித்து அந்த இளைஞன் தண்டவாளத்தருகே பிணமாகக் கிடந்தான். அந்தப் பிரிவுக்கு 'மனப்பொருத்தமின்மை' என்று எந்த ஆலோசகரால் காரணம் எழுத முடியும்?

வெளியே எரியும் நெருப்பைப் பற்றியாவது பேசுகிறோம். சமையலறையில் எரிவதைப் பற்றிப் பேசுவதே இல்லை. இடைநிலைச் சாதிக் குடும்பத்துக்குள் மணமாகிப் போகும் தலித் பெண்ணுக்குத் தனித் தம்ளர் இருக்காது, அவ்வளவு வெளிப்படையாக இப்போது செய்வதில்லை. பூசையறைக்கு மட்டும் "நான் பாத்துக்கறேன்" என்பார்கள். சொந்தக்காரர் வீட்டு விசேஷத்துக்கு அவளுக்கு மட்டும் அன்று 'உடம்பு சரியில்லாமல்' போகும். சண்டை முற்றும்போது, காதலித்துக் கட்டிய கணவன் வாயிலிருந்தே அந்தச் சாதிப் பெயர் விழும். வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி, சாதி சொல்லி இழிவுபடுத்துவது பொதுப்பார்வையில் நடந்தால்தான் குற்றம். நான்கு சுவருக்குள், வெளியார் யாருமில்லாமல் நடந்தால் அது பொருந்தாது என்று 2020இல் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் தெளிவாக்கியது. அவள் வாழ்க்கை நடப்பதோ நான்கு சுவருக்குள். கடைசியில் குடும்ப நீதிமன்ற மனுவில் 'மன உளைச்சல்' என்றோ 'கருத்து வேறுபாடு' என்றோ ஒரு சொல் எழுதப்படும். சாதி அங்கேயும் பதிவாகாது. பதிவாகாத ஒன்றை எந்த ஆய்வு மணமுறிவுக் காரணமாக எண்ணிக்காட்டும்? குழந்தைக்குச் சாதிச் சான்றிதழ் வாங்கப் போகும்போது அது மறுபடி எழுந்து நிற்கும். கலப்பு மணக் குழந்தைக்குத் தானாகவே தகப்பன் சாதிதான் என்று கொள்ளக் கூடாது, அது எந்தச் சூழலில் வளர்ந்தது என்று பார்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2012இலேயே சொல்லிவிட்டது. ஆனாலும் வட்டாட்சியர் அலுவலகத்தில் முதல் கேள்வி, "அப்பா என்ன ஆளுங்க?"

தோழர்களிடம் ஒரு வார்த்தை. நம் மேடைகளிலும் இந்த நோய் உண்டு. சாதி மறுப்புத் திருமணத்தைப் படம் எடுத்துப் போடுகிறோம், தலைவர்களை அழைத்து உறுதிமொழி வாசிக்கிறோம். மூன்றாண்டு கழித்து அந்தப் பெண் "முடியவில்லை தோழர்" என்று வந்தால், "கொஞ்சம் பொறுத்துக்கங்க, எதிரிகள் கைகொட்டிச் சிரிப்பாங்க, இயக்கத்துக்குக் கெட்ட பேரு" என்கிறோம். குடும்ப மானம் என்று அவள் வீட்டில் சொன்னதற்கும் இதற்கும் என்ன வேறுபாடு? அவள் ஒரு சாதியின் கௌரவத்தைச் சுமக்க மறுத்து வந்தவள். அவள் தலையில் நாம் சாதி ஒழிப்பின் கௌரவத்தை ஏற்றி வைக்கிறோம். அதுவும் சுமைதான். எல்லாச் சாதி மறுப்புத் திருமணமும் வெற்றிபெற்றே தீர வேண்டும் என்பது சாதியவாதி நமக்கு வைத்த தேர்வு. அதை நாம் ஏன் எழுத வேண்டும்? ஒரே சாதித் திருமணத்துக்கு உள்ள, தோற்றுப்போகும் உரிமை இதற்கும் உண்டு.

பெரியார் இதில் தயங்கியதே இல்லை. 1929 செங்கல்பட்டுச் சுயமரியாதை மாநாடு பெண்ணுக்கு மணத்தை ரத்துசெய்யும் உரிமை வேண்டும் என்று தீர்மானம் போட்டது. 'பெண் ஏன் அடிமையானாள்?' நூலில் 'கல்யாண விடுதலை' என்றே ஒரு தனிக் கட்டுரை இருக்கிறது. நாம் திருமணப் பரிசாக அடிக்கடி கொடுக்கும் புத்தகம் அது, அந்தக் கட்டுரையை எத்தனை பேர் படித்திருப்பார்கள் என்று தெரியவில்லை. சுயமரியாதைத் திருமணம் ஓர் ஒப்பந்தம். ஒப்பந்தம் என்று சொல்லிவிட்டால் முறித்துக்கொள்வதும் அதற்குள் அடங்கியதுதான். 1953இல் சென்னை உயர் நீதிமன்றம் இத்தகைய திருமணம் செல்லாது என்றபோதும் நம் முன்னோர்கள் பின்வாங்கவில்லை, 1967இல் அண்ணா 7ஏ பிரிவைக் கொண்டுவந்தார். அது இந்துத் திருமணச் சட்டத்துக்குள் உட்கார்ந்திருப்பதால், தாலியும் புரோகிதரும் இல்லாமல் கட்டிக்கொண்ட நாத்திகர்கள் பிரியும்போது 'இந்து' என்று எழுதி மனுப்போட வேண்டியிருப்பது வேறு கதை.

செய்ய வேண்டியவை பெரிய தத்துவம் எதுவுமில்லை. சாதி மறுப்புத் திருமணத்துக்கு அரசு முத்துலட்சுமி ரெட்டி பெயரால் அமைந்த திட்டத்தில் கட்டிக்கொள்ளும்போது உதவுகிறது, பிரியும்போது எதுவும் இல்லை. பிறந்த வீட்டுக் கதவு அவளுக்கு ஏற்கனவே மூடியாகிவிட்டது, ஆகவே முதல் தேவை ஒரு கூரை. இரண்டாவது, பத்திரத்தில் தீர்த்துக்கொள்ளாமல் 13பியில் மனுப்போட வைக்க ஒரு வழக்கறிஞர். ஆறு மாதக் காத்திருப்பைத் தக்க காரணம் இருந்தால் நீதிமன்றம் தள்ளுபடி செய்யலாம் என்று 2017 தீர்ப்பு இருப்பதை அவளுக்குச் சொல்ல ஓர் ஆள். மூன்றாவது, அவள் மறுபடி கட்டிக்கொள்வதாகச் சொன்னால் அதற்கும் அதே மேடை, அதே தலைவர், அதே படம்.

மிரட்டலுக்கு உள்ளாகும் இணையர்களுக்கு மாவட்டந்தோறும் பாதுகாப்பு இல்லங்கள் அமைப்பது பற்றி 2018இல் சக்தி வாகினி வழக்கில் உச்ச நீதிமன்றம் மாநில அரசுகளுக்கு வழிகாட்டியது. உங்கள் மாவட்டத்தில் அது எங்கே இருக்கிறது என்று ஆட்சியர் அலுவலகத்தில் கேட்டுப் பாருங்கள். இருந்தால், இணையராக வந்தவளுக்கு மட்டுமா, தனியாக ஒரு குழந்தையோடு வருபவளுக்கும் அங்கே இடம் உண்டா என்பதையும் சேர்த்துக் கேளுங்கள்.